வெள்ளிக்கிழமை வெட்டு

மங்களநாயகி சினிடோனில் வெள்ளிக்கிழமை சாயங்காலம் கதையிலிருந்து வெட்டப்பட்ட தோணிக்காரன், சனிக்கிழமை காலை ஏழரை மணிக்குத் தோளில் துடுப்போடு, இடுப்புத் துணியிலிருந்து தண்ணீர் சொட்டச் சொட்ட ஸ்டூடியோ வாசலில் வந்து நின்றபோது, காவல்காரர் காளியப்பன் அவனிடம் முதலில் கேட்டது சாப்பிட்டாயா என்றுதான். சாப்பிட்டதாகக் கதையில் எங்கேயும் எழுதியிருக்கவில்லை என்பதால் தோணிக்காரன் இல்லை என்றான். காளியப்பன் அவனைச் சமையல்கட்டுக்குக் கூட்டிப் போய், நேற்று முதலாளி அடித்துப்போட்ட ஆற்றுக்காரன் வந்திருக்கிறான், ஒரு தட்டு வை என்று சமையல்காரி நஞ்சம்மாளிடம் சொன்னார். நஞ்சம்மாள், வந்தவன் தரையை ஈரம் பண்ணுகிறானே என்று மட்டும் கோபித்துக்கொண்டு, நாலு இட்லி வைத்தாள்.

கோயமுத்தூரிலிருந்து சூலூர் போகிற வழியில், பருத்தி அரவை மில்லை ஒட்டி அந்த ஸ்டூடியோ இருந்தது. மில்லும் ஸ்டூடியோவும் வெள்ளியங்கிரி முதலாளியுடையவை. படச்சுருள் கப்பலில் வரவேண்டும், அதை வீணாக்கினால் பாவம் என்று நினைக்கிற மனுஷன் அவர். அதனால் அங்கே ஒரு வழக்கம் இருந்தது. வெள்ளிக்கிழமை விளக்கேற்றிய பிறகு மேக்கப் கொட்டகையில் பாய் விரித்து, தச்சர், தையற்காரர், மத்தளக்காரர், கூட்டுகிறவள் வரைக்கும் எல்லாரையும் உட்காரவைத்து, அந்த வாரம் எழுதிய கதையை உரக்க வாசிக்கச் சொல்லுவார். பஞ்சுப் பொதியில் குறி போடுகிற சிவப்புப் பென்சில் அவர் கையில் இருக்கும். கண் கதையின் மேல் இருக்காது, நஞ்சம்மாளின் வாய் மேல் இருக்கும். எந்தப் பாத்திரம் பேசும்போது நஞ்சம்மாளுக்குக் கொட்டாவி வருகிறதோ அந்தப் பாத்திரத்தின் தலையில் சிவப்புக் கோடு விழும். அப்படி விழுந்தவர்கள்தாம் மறுநாள் காலை வாசலில் வந்து நின்றார்கள்.

ஏன் வந்தார்கள் என்று கேட்டால் ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள். பென்சிலில் கோளாறு என்றார் தையற்காரர். கொட்டாவியில் கோளாறு என்றார் தச்சர், அதுவும் நஞ்சம்மாள் காதில் விழாத தூரத்தில் நின்றுதான். பிறகு அதைப் பற்றிப் பேச யாருக்கும் நேரமில்லாமல் போயிற்று, ஏனென்றால் வந்தவர்களை எங்கே படுக்கவைப்பது என்பதுதான் பெரிய பாடாக இருந்தது.

இரண்டாவதாக அரண்மனை ஜோசியர் வந்தார். எழுதியது எதுவோ அதுதான் ஆள். அவருக்கு எழுதப்பட்டிருந்தது ஒரே ஒரு வசனம். பெண்ணைப் பெற்றவர்கள் சூலூரிலிருந்து ஜாதகத்தைத் தூக்கிக்கொண்டு வந்து அவர் முன்னால் உட்கார்ந்தார்கள். அவர் கண்ணை மூடித் திறந்து, காலம் இன்னும் கனியவில்லை அரசே என்றார். அரசே என்று கூப்பிட்டதில் மனம் குளிர்ந்து அவர்கள் கல்யாணத்தைத் தள்ளிப்போட, அந்த வருஷம் சுற்றுவட்டாரத்தில் மேளச்சத்தமே கேட்கவில்லை, கடைசியில் நாதஸ்வரக்காரர்கள் கூட்டமாக வந்து முதலாளியிடம் முறையிட்டு, ஜோசியரைப் பெயிண்ட் கொட்டகைக்கு மாற்றினார்கள். பெயிண்ட் காய்ந்துவிட்டதா என்று கேட்டாலும் அவர் அதையேதான் சொன்னார். அங்கே அது பொருத்தமாக இருந்தது. அப்புறம் ஒரு வியாபாரியின் இளைய தாரம் வந்தாள். அழுவதற்காக மட்டுமே எழுதப்பட்டவள். தச்சர் பழனியாண்டி அவளைக் கட்டிக்கொண்டார். தாலி கட்டும்போதும் அழுதாள், புதுப்புடவைக்கும் அழுதாள், மனுஷன் ஆறே மாதத்தில் அது மழைச்சத்தம் மாதிரி, இல்லாவிட்டால் தூக்கம் வராது என்று சொல்லிக்கொண்டு திரிந்தார். அப்புறம் ஐந்து சிப்பாய்கள், பகைவன் எங்கே பகைவன் எங்கே என்று கத்தரிக்காய் கொண்டுவருகிறவனைக்கூட விடாமல் கேட்டுக்கொண்டு. அவர்களைக் கிணறு வெட்டப் போட்டார்கள். ஒரு வருஷம் வெட்டிய பிறகு அவர்கள் தண்ணீர் எங்கே என்று கேட்கக் கற்றுக்கொண்டார்கள். ஊர்க் கர்ணம் வந்து எல்லாரையும் வரிசையில் நிறுத்தி, சொந்த ஊர் என்ற இடத்தில் 'கதை' என்று எழுதி, 'கோயமுத்தூர் தாலுகா' என்று பக்கத்தில் சேர்த்துக்கொண்டு போய்ச் சேர்ந்தார்.

இத்தனை பேரையும் எழுதியவர் எமில் ரோசன்பாக் என்கிற ஜெர்மன்காரர். தமிழில் அவருக்குத் தெரிந்தது பத்துப் பன்னிரண்டு வார்த்தைதான். அவர் ஜெர்மனில் எழுதுவார். அதைத் தமிழாக்கி வெள்ளிக்கிழமை வாசிப்பவர் ஞானாபரணம். தரங்கம்பாடிக்காரர், லுத்தரன் மிஷனில் படித்து ஜெர்மன் கற்றவர், முப்பத்தெட்டு வயதாகியும் தனிக்கட்டை. அவர் வாசித்தால் ராஜாவுக்கு ராஜா குரல், கிழவிக்குக் கிழவி குரல், குதிரைக்குக் குதிரை குரல். முதலாளி எதிரில் இல்லாத நேரத்தில் முதலாளி குரலும் வரும். "ஏனுங்க ஆபரணம், அந்த வெள்ளைக்காரரு பசியில எழுதறாரா, நெறஞ்ச வயித்தோட எழுதறாரா, கேட்டுச் சொல்லுங்க" என்று ஒருநாள் அவர் அச்சாக முதலாளியாகப் பேசிக்கொண்டிருக்க, பின்னால் நிஜ முதலாளி நின்றுகொண்டு, "கேட்டீங்களா இல்லீங்களா" என்றார்.

எமிலுடைய கதையை ஞானாபரணம் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தெரிந்துகொண்டார். இருபத்திரண்டு வயதில் பெர்லினில், படம் ஊமையாக இருந்த காலத்தில், நடுவே வருகிற எழுத்து அட்டைகளை எழுதியவர். மற்றவர்கள் ஏழு வரி எழுதுகிற இடத்தில் இவர் மூன்று வார்த்தை எழுதுவார், ஜனங்கள் அந்த மூன்று வார்த்தைக்கு அழுவார்கள். படம் பேச ஆரம்பித்தபோது அட்டைக்காரர்கள் எல்லாரும் தெருவுக்குப் போக, இவர் மட்டும் பேச்சு எழுதக் கற்றுக்கொண்டார். முப்பத்தொரு படம். கார் வைத்திருந்தார், மேல்கோட்டில் ரோமக் காலர் வைத்திருந்தார், மனைவி இருந்தாள். மனைவி காய்ச்சலில் போனாள். அப்புறம் ஒரு வசந்த காலத்தில், யூதர்கள் இனி எழுதக்கூடாது என்று அரசாங்கம் சொல்லிவிட்டது. படங்கள் ஓடிக்கொண்டே இருந்தன. அவற்றின் தொடக்கத்தில் வருகிற அவர் பெயரை மட்டும் எடுத்துவிட்டார்கள். தான் எழுதிய படத்தைத் தானே சீட்டு வாங்கிப் பார்த்து, தன் பெயர் இருந்த இடத்தில் சுருளை வெட்டி ஒட்டியதால் வந்த சின்னக் குதிப்பைக் கண்டதாக அவர் சொன்னார்.

காளியப்பன்தான் ஒருநாள் கேட்டுவைத்தார், நீங்களும் அப்படி வெட்டுப்பட்டு வந்தவருதானுங்களா சாமி என்று. ஞானாபரணம் தயங்கித் தயங்கி மொழிபெயர்த்தார். எமில் சற்று யோசித்துவிட்டு, ஆமாம் என்றார். அன்றிலிருந்து காளியப்பன் அவருக்கும் சனிக்கிழமை இட்லியில் ஒன்று கூட வைக்கச் சொன்னார்.

எமில் ஆறு மாத ஒப்பந்தத்தில் கதை எழுத வந்தவர். ஒன்பது வயது மகள் ஹெட்டியைப் பெர்லினில் மச்சினியிடம் விட்டுவிட்டு வந்திருந்தார். ஆறு மாதம் கழித்துத் திரும்ப வழியில்லை, பிள்ளையை இங்கே வரவழைக்கலாமென்றால் கலெக்டர் கச்சேரியின் அனுமதி வேண்டும். மனு போட்டார். மனு போனது. போன மனு எங்கேயோ உட்கார்ந்துகொண்டது. இரண்டரை வருஷம். பள்ளிக்கூடத்தில் ஹெட்டியைச் சேர்ப்பதில்லை என்று ஒரு கடிதம் வந்தது. எதிர்வீட்டு ஜன்னலையெல்லாம் உடைத்தார்கள் என்று ஒன்று. அப்புறம் வந்த கடிதங்கள் நலம் என்று மட்டும் சொல்லின. எமில் மூன்று வார்த்தையில் அழவைக்கத் தெரிந்தவர், அந்த ஒற்றை வார்த்தையைப் படித்துவிட்டு இரண்டு நாள் சாப்பிடவில்லை.

மூன்றாம் நாள் காலை ஞானாபரணத்தின் அறைக் கதவைத் தட்டி, கையில் ஒரு கத்தைக் காகிதத்தோடு நின்றார். ஹெட்டியை எழுதிவிட்டேன், முதலாளி அவளை வெட்டினால் போதும் என்றார்.

அந்தக் கதையில் ஹெட்டி கோயில் வாசலில் பூ விற்கிற பெண். முன்பல் ஒன்று பாதி வளர்ந்தது, மூக்கின் மேல் புள்ளி புள்ளியாக மச்சம், வலது முழங்காலில் பழைய காயத் தழும்பு. ராஜா மாறுவேஷத்தில் வந்து தன் பிரதாபத்தைச் சொல்ல, அவள் பூவைத் தொடுத்துக்கொண்டே, அந்த மலை அந்தப் பக்கம் இல்லை, அந்த யானைக்கு அந்த வயசு இருக்காது என்று ஒவ்வொன்றாகத் திருத்துகிறாள். நிஜ ஹெட்டி அப்படித்தான்; அப்பா சொன்ன ஒரு கதையையும் அவள் முழுசாகச் சொல்லவிட்டதில்லை. வெள்ளிக்கிழமை ஞானாபரணம் அந்தக் குரலில் வாசித்தார். கொட்டகை சிரித்தது, அப்புறம் அழுதது, தச்சரின் மனைவி வழக்கத்தைவிட அதிகமாக அழுதாள், நஞ்சம்மாள் கொட்டாவி விடுவதற்குப் பதில் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள். முதலாளி சிவப்புப் பென்சிலைக் காதில் செருகிவிட்டு, இந்தப் புள்ளையை எவனாவது தொட்டால் கையை ஒடித்துப்போடுவேன் என்று சொல்லி, அவளுக்கு இரண்டு பாட்டும் சேர்க்கச் சொன்னார்.

எமில் விடவில்லை. மலைக்கொள்ளைக்காரர் கதையில் அவளை ஓரத்தில், ஒரே ஒரு வசனத்தோடு நிறுத்தினார். முதலாளி கதாநாயகனின் அம்மாவை வெட்டி, அம்மாவின் வசனத்தை எல்லாம் அந்தச் சிறுமிக்குக் கொடுத்தார். சனிக்கிழமை காலை வாசலில் மகனே மகனே என்றபடி அந்த அம்மா வந்து நிற்க, காளியப்பனே மகனாகிக்கொண்டார். கப்பல் கதையில் எழுதினார், பஞ்சக் கதையில் எழுதினார், ராமாயணத்தில் ஒரு மூலையில்கூட எழுதிப் பார்த்தார். எங்கே ஒளித்துவைத்தாலும் நஞ்சம்மாள் அவளைக் கண்டுபிடித்து உள்ளங்கையில் ஏந்திக்கொண்டாள்.

கடைசியில் உண்மையைச் சொல்லிவிடுவது என்று முடிவு செய்தார்கள். ஞானாபரணம் சொல்லச் சொல்ல முதலாளி கண் கலங்கினார். மனுஷன் நல்லவர். இதை முதலிலேயே சொல்லக்கூடாதா என்று கோபித்துக்கொண்டு, குளித்துவிட்டு வந்து, சாமி கும்பிட்டு, எல்லார் முன்னிலையிலும் ஹெட்டியின் மேல் குறுக்கும் நெடுக்குமாகச் சிவப்புக் கோடு இழுத்தார். சனிக்கிழமை விடியற்காலையிலிருந்து ஸ்டூடியோவே வாசலில் நின்றது. நஞ்சம்மாள் பால் காய்ச்சி வைத்திருந்தாள், ஐந்து சிப்பாய்களும் வரிசையாக நின்றார்கள், ஜோசியர் மட்டும் காலம் இன்னும் கனியவில்லை என்றார். பத்து மணிக்கு வெயில் ஏறியது. பாலில் ஆடை படிந்தது. யாரும் வரவில்லை.

இரக்கப்பட்டு வெட்டினால் வெட்டு இல்லை போலிருக்கிறது என்று தையற்காரர்தான் முதலில் சொன்னார். மனசார அலுத்து, இவள் இல்லாவிட்டால் என்ன என்று நினைத்து, நிஜக் கொட்டாவி ஒன்று வந்து வெட்ட வேண்டும். இந்தப் பிள்ளை விஷயத்தில் அது எப்படி வரும் என்று நஞ்சம்மாள் தலையில் கைவைத்து உட்கார்ந்தாள்.

அப்படியானால் அவளை அலுப்பாக எழுத வேண்டும். எமில் எழுத உட்கார்ந்தார். முப்பத்தொரு படத்தில் எத்தனையோ பொய்யை எழுதி ஓடவிட்டவருக்கு அந்த ஒரு பொய் வரவில்லை. சித்திரை போய் ஆடியும் வந்துவிட்டது. காலையில் தட்டச்சு இயந்திரத்தின் முன்னால் உட்காருவார், இரண்டு வரி அடிப்பார், இரண்டாவது வரியில் ஹெட்டி வந்து முதல் வரியைத் தப்பு என்பாள். காகிதத்தை உருவிக் கசக்குவார். மூஞ்சி ஒடுங்கி, சட்டை தொளதொளத்து, பேச்சு நின்று, ஒருநாள் ஞானாபரணத்திடம், என்னால் அவளைச் சாதாரணமாக்க முடியவில்லை, அவள் அங்கேயே கிடந்து சாகப்போகிறாள், காரணம் எனக்கு நன்றாக எழுத வருகிறது என்பதுதான் என்றார்.

அன்று ஞானாபரணம் தன் அறையில் உட்கார்ந்து, எமில் கடைசியாக எழுதி, வாசிக்கக் கொடுக்காமல் வைத்திருந்த கதையை எடுத்து மொழிபெயர்த்தார். பல்லை அப்படியே எழுதினார். மச்சத்தை எண்ணி எழுதினார். முழங்கால் தழும்பை ஒரு நூல்கூட நகர்த்தாமல் எழுதினார். பெயரை மட்டும் விட்டுவிட்டு, குழந்தை என்று போட்டார். அவள் பேச வேண்டிய இடம் வந்தபோது எமிலின் காகிதத்தைக் குப்புறக் கவிழ்த்துவைத்துவிட்டு, தான் பார்த்த படங்களில் எல்லாம் வருகிற நல்ல பிள்ளை என்ன பேசுமோ அதை எழுதினார். ஆகட்டும் அப்பா. தாங்கள் சொன்னால் சரிதான் அப்பா. ஆகட்டும் அப்பா. எழுத எழுதக் கை தானாக ஓடியது. எமிலிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொன்னால் வேண்டாம் என்பார் என்று பயம்.

வெள்ளிக்கிழமை, ஆகஸ்டு இருபத்தைந்து. ஞானாபரணம் அந்த நல்ல பிள்ளையின் குரலை எடுத்து இரண்டாவது முறை ஆகட்டும் அப்பா என்றபோது, கரண்டியும் கையுமாக உட்கார்ந்திருந்த நஞ்சம்மாளின் வாய், அவளுக்கே தெரியாமல், அடுப்புவாய் அளவுக்குத் திறந்தது. முதலாளி ஒரு நொடிகூட யோசிக்காமல் சிவப்புக் கோட்டை இழுத்துவிட்டு, அடுத்த பக்கம் போங்க என்றார். தமிழ் புரியாமல் ஓரத்தில் உட்கார்ந்திருந்த எமில் அந்தக் கொட்டாவியையும் பார்த்தார், கோட்டையும் பார்த்தார். எழுந்து வந்து, எல்லார் முன்னாலும், ஞானாபரணத்தின் கையைப் பிடித்துத் தன் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

மறுநாள் ஏழரை மணிக்கு அவள் வந்தாள். பாதி வளர்ந்த பல், மூக்கின் மேல் மச்சம், முழங்காலில் தழும்பு. ஒன்பது வயது. பெர்லினில் இருக்கிறவளுக்குப் பன்னிரண்டு நடக்கிறது என்று அப்போது யாருக்கும் தோன்றவில்லை, அப்பாவுக்கே தோன்றவில்லை. அவருக்குத் தெரிந்த வயது அதுதானே. எமில் மண்ணில் முட்டிபோட்டு அவளைக் கட்டிக்கொண்டார். நஞ்சம்மாள் ஆரத்தி சுற்றினாள். மத்தளக்காரர் வாசித்தார். முதலாளி மில்லுக்கு அரைநாள் விடுமுறை விட்டார். சாப்பிடுகிறாயா என்றார்கள், ஆகட்டும் என்றாள். போதுமா என்றார்கள், ஆகட்டும் என்றாள். வளர்ப்பு என்றால் இதுவல்லவா வளர்ப்பு என்று சூலூர் வரைக்கும் பேச்சாயிற்று.

அவளுக்கு ஜெர்மன் தெரியவில்லை. தமிழில் எழுதப்பட்டவளுக்கு எப்படித் தெரியும்? எமில் பேசியதை ஞானாபரணம் அவளுக்குச் சொன்னார், அவள் சொன்னதை எமிலுக்குச் சொன்னார், சொல்ல அதிகமில்லை. திங்கட்கிழமை மத்தியானம் தச்சுக் கொட்டகைப் பக்கத்து வேப்பமரத்தடியில் எமில் அவளை மடியில் உட்காரவைத்து ஒரு கதை சொன்னார். ஒரு வாத்து தபால்காரனாகிறது. பை நிறையக் கடிதத்தோடு குளத்தைத் தாண்டப் போகிறது. நடுக்குளத்தில் வாத்து முழுகிச் செத்துப்போகிறது. சொல்லிவிட்டு அவள் முகத்தையே பார்த்தார். ஞானாபரணம் தமிழில் சொல்லிவிட்டு, அவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தார். மரத்தடியில் நூல் சுற்றிக்கொண்டிருந்த தையற்காரருக்கே பொறுக்கவில்லை, வாத்து எந்த ஊரில் முழுகும் என்று முணுமுணுத்தார்.

"நல்ல கதை, அப்பா," என்றாள் அவள்.

எமில் இன்னொரு தடவை சொன்னார். இந்தத் தடவை குளமே தீப்பிடித்து எரிந்தது. வாத்துக்கு நாலு கால்.

"ஆகட்டும், அப்பா."

எமில் அவளை மெதுவாக மடியிலிருந்து இறக்கி நிற்கவைத்தார், கண்ணாடிப் பாத்திரத்தை இறக்குகிற மாதிரி. பிறகு ஞானாபரணத்தைப் பார்த்தார். திட்டவில்லை. நீங்கள் என்ன எழுதினீர்கள் என்று மட்டும் கேட்டார். ஞானாபரணம் சொன்னார். அவர் வாழ்நாளில் முதல்தடவையாக, யார் குரலும் இல்லாமல், சொந்தக் குரலில் சொன்னார்.

அன்றே பெர்லினுக்குத் தந்தி அடித்தார்கள். செவ்வாய்க்கிழமை மச்சினியிடமிருந்து பதில் வந்தது: ஹெட்டி இங்கேதான் இருக்கிறாள். உடம்பு தேவலை. அனுமதி என்ன ஆயிற்று?

அந்த அனுமதி வியாழக்கிழமை வாசல் வரைக்கும் வந்தது. இரண்டரை வருஷம் உட்கார்ந்திருந்த மனு எழுந்து, கலெக்டர் கச்சேரி குமாஸ்தா சேஷகிரி ராவின் கக்கத்தில் ஏறி, சைக்கிளில் வந்து இறங்கியது. அப்பாவால் பிள்ளையை வைத்துக் காப்பாற்ற முடியுமா என்று நேரில் பார்த்து, கையெழுத்துப் போட்டால், அனுமதி அன்றைக்கே தந்தியில் போய்விடும். வாசலில் காளியப்பன் வாயெல்லாம் பல்லாக நின்று, பாப்பா சனிக்கிழமையே வந்துட்டாளுங்க சாமி, நீங்க எதுக்கு இந்த வெயிலில் என்று மோர் கொடுத்தார். பிள்ளையையும் கூப்பிட்டுக் காட்டினார். ராவ் மனுவில் ஒட்டியிருந்த போட்டோவைப் பார்த்தார், பிள்ளையைப் பார்த்தார், மோரைக் குடித்தார்.

"குழந்தைதான் வந்தாச்சே ஓய்," என்றார் ஞானாபரணத்திடம். "வந்த குழந்தைக்கு எதுக்கு அனுமதி? மனுக்கட்டை மூடிடறேன்."

ஞானாபரணம் மொழிபெயர்த்தார். எமில் எழுந்து நின்றார். அவர் ஜெர்மனில் சொன்னது மூன்று வார்த்தை.  ராவ் இரண்டு தடவை கேட்ட பிறகுதான் ஞானாபரணம் அதைத் தமிழில் சொன்னார்.

"தன் மகள் இல்லேங்கிறார்."

அட பாவி மனுஷா என்றாள் நஞ்சம்மாள். முதலாளி நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். ஞானாபரணம் ராவிடம் எல்லாவற்றையும் விவரித்தார். ராவ் பொறுமையாகக் கேட்டார். கதையிலிருந்து வந்து குடியேறியவர்கள் தாலுகாவில் இருக்கிறார்கள் என்பது கச்சேரிக்குத் தெரிந்த விஷயம்தான், அதில் அவருக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் போட்டோவில் இருக்கிற முகம் எதிரில் நிற்கும்போது வெறும் வாய்வார்த்தையை வைத்து எழுத முடியாது, குழந்தை தன் வாயால் சொல்லட்டும் என்றார்.

"இவர் உன் அப்பாவாம்மா?"

அவள் எமிலைத் திரும்பிப் பார்த்து, என்ன சொல்லவேண்டும் என்று காத்திருந்தாள். முகத்தில் பயமில்லை, வருத்தமில்லை. அதெல்லாம் அவளுக்கு எழுதப்படவில்லை. எமில் தெரிந்த பன்னிரண்டு தமிழ் வார்த்தையில் இரண்டைத் தேடி எடுத்தார்.

"இல்லை, சொல்."

"ஆகட்டும், அப்பா," என்றாள் அவள். பிறகு ராவின் பக்கம் திரும்பி, "இவர் என் அப்பா இல்லை," என்றாள்.

 தச்சரின் மனைவிகூட அழவில்லை. ராவ் கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்தார், வெகுநேரம் துடைத்தார், அந்த முதல் இரண்டு வார்த்தை தன் காதில் விழாத மாதிரி. மாட்டிக்கொண்டு, கையெழுத்துப் போட்டார்.

வியாழன் சாயங்காலம் தந்தி போயிற்று. வெள்ளிக்கிழமை பெர்லினிலிருந்து பதில் வந்தது: பெட்டி கட்டியாயிற்று, திங்கட்கிழமை ரயில். ஞாயிற்றுக்கிழமை முதலாளி வீட்டு ரேடியோ இங்கிலீஷ்காரருக்கும் ஜெர்மனிக்கும் சண்டை வந்துவிட்டது என்றது. திங்கட்கிழமை காலை போலீஸ் லாரி ஒன்று வந்து, ஜெர்மன்காரர் எல்லாரையும் அகமதுநகர் முகாமுக்குக் கொண்டுபோக உத்தரவு என்றது. இவரை அந்த நாடே துரத்தியது ஐயா என்று ஞானாபரணம் இன்ஸ்பெக்டரிடம் மன்றாடினார். இருக்கலாம், பாஸ்போர்ட்டில் அப்படிப் போட்டிருக்கவில்லை என்றார் இன்ஸ்பெக்டர். ஐந்து சிப்பாய்களும் கடப்பாரையோடு ஓடிவந்து, பகைவன் எங்கே என்று கேட்டார்கள். ஒரு வருஷமாகக் கேட்காத கேள்வி. 

அந்தத் திங்கட்கிழமை ரயில் புறப்பட்டதா, புறப்பட்டிருந்தால் எல்லை வரைக்கும் வந்ததா என்று சொல்ல ஒருவரும் இல்லை. பெர்லினுக்குத் தந்தி எடுப்பதை நிறுத்திவிட்டார்கள்.

லாரியில் ஏறும் முன் எமில் எல்லாரையும் கும்பிட்டார். கதையிலிருந்து வந்தவள் நிற்கச் சொன்ன இடத்திலேயே நின்றிருந்தாள். அவளை மட்டும் அவர் பார்க்கவில்லை. பார்த்தால் ஏறமாட்டார் என்று ஞானாபரணத்துக்குத் தெரிந்தது. லாரி கிளம்புகிற சத்தத்தில், பலகையைப் பிடித்துக் குனிந்து, ஞானாபரணத்திடம் ஜெர்மனில் சொன்னார்.

"நீங்கள் எழுதியது. நீங்களே திருத்துங்கள்."

தூசி அடங்கியது. அவள் அங்கேயே நின்றுகொண்டு, "இனி நான் யார் மகள் என்று சொல்லட்டும்?" என்று பொதுவாகக் கேட்டாள். என் மக என்றாள் நஞ்சம்மாள், மூக்கைச் சிந்திக்கொண்டு. ஆகட்டும் என்றாள். இல்லை, எங்கூட்டுப் புள்ள என்றார் முதலாளி. அதற்கும் ஆகட்டும் என்றாள்.

ஞானாபரணம் அவளைக் கையைப் பிடித்து மேக்கப் கொட்டகைக்குக் கூட்டிப் போனார். பாயை விரித்து எதிரில் உட்காரவைத்தார். வெளியே உச்சிவெயில் மண்ணைக் காய்ச்சிக்கொண்டிருந்தது, நாய்கூடக் குறுக்கே போகவில்லை.

"இங்கே பாரும்மா. இனிமே நான் எதைச் சொன்னாலும் மாட்டேன்னு சொல்லணும். புரியுதா?"

"ஆகட்டும்."

"அதான் கூடாதுங்கறேன். இப்போ சொல்றேன், கேளு. செருப்பில்லாம அந்த வெயில்ல போய் நில்லு."

அவள் எழுந்தாள். அவர் அவள் பாவாடை நுனியைப் பிடித்து உட்காரவைத்தார். எமிலின் காகிதத்திலிருந்த ஹெட்டியின் குரலைத் தொண்டைக்குள் தேடிப் பார்த்தார். பத்து வெள்ளிக்கிழமை பேசிய குரல், வரவில்லை. சொந்தக் குரலில், கெஞ்சுகிற மாதிரிச் சொன்னார்.

"மாட்டேன்னு சொல்லும்மா. ஒரே ஒரு தடவை. போகமாட்டேன்னு சொல்லு."

அவள் அவர் முகத்தைப் பார்த்தாள். அவருக்கு எது வேண்டும் என்று கவனமாகப் பார்த்தாள்.

"ஆகட்டும்," என்றாள். "போகமாட்டேன்."

சொல்லிவிட்டு எழுந்து, செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்து, வெயிலில் போய் நின்றாள்.